முட்டிக்கு மேலே ஒடிந்த எலும்பு

மலாக்காவின் காஜா பெராங்கில் மழை பெய்தால் கித்தா வாடை எழும். வெயிலடித்தாலும் எழும்தான். மழைக்கு எழுவது வேறு. புகை போட்ட ரப்பர் ஷீட்டும் ஈரச் சாக்கும் கால்வாய்ச் சேறும் சேர்ந்த வாடை அது. துணியில் பிடித்துக்கொண்டால் எத்தனை துவைத்தாலும் போகாது. பசாரில் மீன் விற்கிற சீனன்கூட ஆளைப் பார்க்காமலே, கித்தாக் கிடங்கா என்று கேட்டுவிடுவான்.

கிடங்கு என்பது வாய்ப் பழக்கம். உள்ளே நூறு பேருக்கு மேல் வேலை செய்தார்கள். தோட்டங்களிலிருந்து லோரியில் வரும் ஷீட்டுகளைப் பெண்கள் குட்டை முக்காலிகளில் உட்கார்ந்து ஜன்னல் வெளிச்சத்துக்கு நேராகத் தூக்கிப் பார்ப்பார்கள். பூஞ்சை பிடித்த இடத்தையும் கொப்புளம் விட்ட இடத்தையும் கத்திரியால் வெட்டி எறிவார்கள். நல்லதை ஆண்கள் அடுக்கி, எந்திரத்தில் அழுத்தி, பேல் கட்டி, ஒட்டாமலிருக்க வெள்ளைப் பவுடரைப் பூசுவார்கள். ஒரு பேலை அசைக்க இரண்டு ஆள் வேண்டும். கிடங்குக்குப் பின்னால் தகரக் கூரை போட்ட லயத்து அறைகள். ஓர் அறைக்கு ஒரு வேலைக் கை இருக்க வேண்டும் என்பது கம்பெனியின் சட்டம். கை நின்றுபோனால் அறையும் போய்விடும்.

அஞ்சலை இருந்த அறை அஞ்சலையின் கையால் கிடைத்தது. அவள் புருஷன் பொன்னுதுரை மலாக்கா ஆற்றில் தொங்காங் படகுகளுக்கு மூட்டை தூக்குகிறவன். ஆற்றுக்காரர்களுக்கு வீடு கிடையாது. படகு வந்தால் வேலை, வராவிட்டால் குந்திக்கொண்டு இருக்க வேண்டியதுதான். ஒரே மகளைத் தம்பினில் கட்டிக் கொடுத்துவிட்டார்கள். ஆகவே அந்த அறையில் இரண்டு பேர், ஒரு கயிற்றுக் கட்டில், சாமி படம், மழைக்கு ஒழுகும் மூலை ஒன்று.

மெர்டேக்காவுக்கு, சுதந்திர நாளுக்கு, ஊர் தயாராகிக்கொண்டிருந்த மாதம் அது. மதியச் சாப்பாட்டுக்குப் பிறகு அடுக்கி வைத்திருந்த பேல்களில் மேலே இருந்த ஒன்று சரிந்தது. அஞ்சலை வெட்டிய ஷீட்டைத் தூக்கிக்கொண்டு அந்தப் பக்கமாக வந்திருந்தாள். விலகத்தான் பார்த்தாள், தரையெல்லாம் பவுடர், வழுக்கி ஒருக்களித்து விழுந்தாள். பேல் அவள் வலது காலின்மேல் விழுந்தது, முட்டிக்கு மேலே நாலு விரல் தள்ளி. ஒரு சத்தம் கேட்டதாகச் சொன்னார்கள். அவள் கத்தவில்லை.

பேலைப் புரட்டித் தள்ளியது கலியாணசுந்தரம். பொன்னுதுரையின் அண்ணன். அதே கிடங்கில் எந்திரத்தில் வேலை. பொன்னுதுரை ஆற்றில் இருந்தான். ஆள் அனுப்பி அவன் வரும்வரை காத்திருக்க முடியாது. கம்பெனி லோரியில் சாக்கைப் பரப்பி, நாலு பெண்கள் தூக்கிப் போட்டு, கலியாணசுந்தரம் கூடவே ஏறிக்கொண்டான்.

அஞ்சலைக்கு அவன் மூத்தார். அவர்கள் வழக்கத்தில் தம்பி பெண்டாட்டி மூத்தார் முன்னால் நின்று பேசமாட்டாள். வாசலில் அவர் செருமினால் உள்ளே போய்விடுவாள். கலியாணசுந்தரமும் அவள் முகத்தைப் பார்த்து ஒரு வார்த்தை பேசியதில்லை. ஒரே கிடங்கில் வேலை செய்தும், தண்ணீர்க் குழாயில் அவள் நின்றால் இவன் வாளியோடு திரும்பிப் போவான்.

ஆஸ்பத்திரியில் காயம் கட்டுகிற மலாய்க்கார டிரசர் ஒருவர் அட்டையும் பேனாவுமாக வந்து, எங்கே அடி என்று கேட்டார். கலியாணசுந்தரம் அவள் தலைமாட்டில் சுவரைப் பார்த்தபடி நின்றான். தொடை என்கிற சொல்லைத் தம்பி பெண்டாட்டியை வைத்துக்கொண்டு அவனால் எந்தப் பாஷையிலும் சொல்ல முடியாது.

"லுத்துட்," என்றான். மலாயில் முட்டி.

டிரசர் குனிந்து அஞ்சலையிடமும் கேட்டார், லுத்துட்டா என்று. கண்ணை மூடியிருந்தவள், மூத்தார் பக்கத்தில் நிற்பது தெரிந்து, தலையை ஆட்டினாள். டிரசர் முதல் வரியில் அதை எழுதிக்கொண்டு போனார்.

பிறகு எக்ஸ்ரே படம் எடுத்தார்கள். வெள்ளைக்கார டாக்டர் படத்தை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்துவிட்டு, கம்பிச் சட்டத்தில் காலைக் கட்டி, கயிற்றில் எடை தொங்கவிடச் சொன்னார். வைத்தியம் சரியாகவே நடந்தது. முதல் வரி மட்டும் எழுதினபடியே இருந்தது.

அஞ்சலை வார்டில் கிடந்தபோது நாடு சுதந்திரம் வாங்கிக்கொண்டது. வெடிச் சத்தம் ஜன்னல் வழியாக வந்தது. பொன்னுதுரை கையில் ஒரு காகிதக் கொடியும் கருவாட்டுக் குழம்புமாக வந்தான்.

"வலிக்குதா?"

"வலிக்காம சிலுசிலுன்னா இருக்கும்? பாருங்க, பசார்ல கோழியத் தொங்கவிட்ட மாதிரி தொங்கவிட்டுருக்கான்."

"டாக்டர் என்னா சொன்னாரு?"

"அவரு போயிட்டாரு. சீமைக்கு. வேற டாக்டராம். நர்ஸ் சொல்லிச்சு."

"உன் காலைப் பாதியில விட்டுட்டா போனாரு?"

"நாட்டையே விட்டுட்டுப் போறாங்க. என் காலு ஒண்ணா?"

அடுத்த கட்டிலில் இருந்த கிழவி தமிழ் புரியாமலே சிரித்தாள். பொன்னுதுரை கொடியைக் கட்டில் கம்பியில் செருகிவிட்டுக் குழம்பை மங்குக் கிண்ணத்தில் ஊற்றினான்.

வீட்டுக்கு அனுப்பியபோது மழைக்காலம் பிடித்துவிட்டது. மூன்று சக்கரப் பெச்சாவில் காலை நீட்டி உட்கார்ந்து, படுதாவை இழுத்து விட்டுக்கொண்டு வந்தாள். தெருவில் கட்டியிருந்த கொடிகள் நனைந்து சாயம் போய்த் தொங்கின. அக்குளில் வைக்கிற தாங்குகட்டை இரண்டு, ஆஸ்பத்திரித் தாள் ஒன்று. தாளில் இங்கிலீஷில் ஒரு வரி, அதன் பக்கத்தில் ஓர் எண். கம்பெனியில் கொடுக்கச் சொல்லியிருந்தார்கள். பொன்னுதுரை கொண்டுபோய்க் கொடுத்தான்.

கம்பெனியில் கணக்கு எழுதும் கிராணி கருணாகரன் மலையாளத்துக்காரர். லயத்து ஆட்களோடு தமிழில்தான் பேசுவார். கெட்டவர் இல்லை. துரை சொல்வதை அவர்களிடம் சொல்லிச் சொல்லியே முகம் சுண்டிப்போனவர்.

"பொன்னுதுரை, இது முட்டிச்சில்லுப்பா. எட்டு ரெண்டு ரெண்டு. கம்பெனி டாக்டர் பாத்தாச்சு. வர்ற மாசம் ஒண்ணாந்தேதி உன் சம்சாரம் வேலைக்கு வந்துரணும்."

"அவ கட்டையில நிக்கிறா ஐயா."

"உக்காந்து செய்யிற வேலைதானே. கத்திரி கையில. கால்ல இல்லையே."

"குட்டை முக்காலிங்க. காலை மடக்கி உக்காரணும். எந்திரிச்சுப் போயி ஷீட்டு எடுத்தாரணும்."

"எனக்குத் தெரியாதாப்பா? நான் இங்கதானே இருக்கேன். தாள்ல அப்படி இல்லையே. சில்லு ஒடஞ்சா இத்தனை வாரம்னு டாக்டர் கணக்கு வச்சிருக்காரு. அது முடிஞ்சுபோச்சு."

"வராட்டி?"

கருணாகரன் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "ஜாசின் பக்கம் தோட்டத்தைத் துண்டு போட்டு வித்துட்டான். அங்கேருந்து குடும்பங்க வந்து கேட்டைப் புடிச்சிக்கிட்டு நிக்கிதுங்க. நீயே காலையில பாத்திருப்பே."

பார்த்திருந்தான். மழையில் பாயைத் தலையில் போட்டுக்கொண்டு நின்றவர்களில் ஒருத்தி, லயத்து அறைகளை ஒவ்வொன்றாக அளப்பதுபோலப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

அன்று வேலை விட்டதும் கலியாணசுந்தரம் தம்பி வீட்டுக்கு வந்தான். உள்ளே வரமாட்டான். வாசலில் கிடந்த மரப்பெட்டியில், வீட்டுக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்து சுருட்டைப் பற்றவைத்தான். அஞ்சலை துணி மறைப்புக்குப் பின்னால் கட்டிலில் இருந்தாள். பொன்னுதுரை நடுவில் நிலைப்படியில் உட்கார்ந்து, கிராணி சொன்னதைச் சொன்னான்.

"முட்டியா?" என்றாள் அஞ்சலை உள்ளேயிருந்து. "முட்டியில எனக்கு என்னா? ஒரு சிராய்ப்புகூடக் கெடையாது. அதுக்கு மேலல்ல நொறுங்கிக் கெடந்துச்சு. யாரு முட்டின்னு சொன்னது?"

வெளியே சுருட்டுப் புகை நின்றது.

"தம்பி."

"என்னண்ணே."

"நாந்தான் சொன்னேன்."

கூரையில் மழை பலத்தது.

"வேற எப்படிச் சொல்றது? அந்தப் பையன் பேனாவ வச்சிக்கிட்டு நிக்கிறான். அது படுத்திருக்கு. நான் தலைமாட்டில நிக்கிறேன். என் வாயால எப்படிடா சொல்லுவேன்?"

"அவரே தன்னைக் கொறை சொல்லிக்க வேணான்னு சொல்லுங்க," என்றாள் அஞ்சலை. "என்னையும் கேட்டாங்க. நானுந்தான் தலைய ஆட்டுனேன்."

"அண்ணே, அவ என்ன சொல்றான்னா..."

"காதுல விழுந்துச்சு."

"முட்டிக்கு மேலன்னு சொல்லியிருக்கலாம்ல?" என்று பலகைச் சுவருக்கு அந்தப் பக்கமிருந்து ஒரு குரல் வந்தது. அடுத்த அறைச் சந்திரமதி. அஞ்சலைக்குப் பக்கத்து முக்காலியில் உட்கார்ந்து கத்திரி போடுகிறவள்.

"நீ சும்மா இரு சந்திரமதி," என்றான் பொன்னுதுரை.

"நான் சும்மாதான் இருக்கேன்ணே. இந்தப் பலகைதான் சும்மா இருக்கமாட்டேங்குது. எல்லாத்தையும் கொண்டாந்து என் காதுல போடுது."

கலியாணசுந்தரம் சுருட்டைத் தரையில் தேய்த்து அணைத்தான். எழுந்து மழையில் நடந்தான். தலையில் துண்டுகூடப் போட்டுக்கொள்ளவில்லை.

மறுநாள் படகு வரவில்லை. பொன்னுதுரை ஆஸ்பத்திரிக்குப் போனான். நோயாளிகளின் அட்டைகளை வைக்கும் அறையில் இருந்த கிராணியை அவனுக்குப் பார்த்த பழக்கம் உண்டு. மலாக்கா செட்டிகள் குடியிருக்கும் கம்பத்து ஆள், கோயிலில் பார்த்திருக்கிறான். பேர் தம்பிராஜா. நெற்றியில் விபூதி. நம்ம ஆள்தான் என்ற தைரியத்தில் பொன்னுதுரை பேல் சரிந்ததிலிருந்து தொடங்கி, ஜாசின் குடும்பங்கள் வரைக்கும் ஒரு மூச்சில் சொல்லி முடித்தான். தம்பிராஜா நடுவில் குறுக்கிடவில்லை. தலையைத் தலையை ஆட்டினார். கடைசியில் மலாயில், அண்ணே என்று கூப்பிட்டுச் சொன்னார்:

"அபாங், எனக்கு ஒரு வார்த்தையும் விளங்கவில்லை."

செட்டிகள் வீட்டில் மலாய்தான் என்பது பொன்னுதுரைக்குத் தெரியும். விபூதியைப் பார்த்ததும் மறந்துபோயிற்று. திரும்ப முதலிலிருந்து மலாயில் சொன்னான். மலாயில் சொன்னபோது கதை பாதியாகச் சுருங்கிவிட்டது. தொடை வந்த இடத்தில் அவனும் குரலைத் தாழ்த்தினான். அறையில் வேறு யாரும் இல்லை.

தம்பிராஜா அட்டையைத் தேடி எடுத்தார். பக்கத்தில் ஒரு தடித்த புத்தகத்தைத் திறந்து வைத்தார்.

"உலகத்தில் இருக்கிற வியாதி, காயம் எல்லாவற்றுக்கும் இதில் ஓர் எண் இருக்கிறது. எந்த நாட்டிலும் அதே எண்தான். தொடை எலும்பு இடுப்புக்கிட்டே ஒடிந்தால் எட்டு ரெண்டு சைபர். அதற்குக் கீழே எங்கே ஒடிந்தாலும், முட்டியை ஒட்டிக்கொண்டு ஒடிந்தாலும்கூட, எட்டு ரெண்டு ஒன்று. முட்டிச்சில்லு என்றால் எட்டு ரெண்டு ரெண்டு."

"பக்கத்து வீடா?"

"பக்கத்து வீடுதான். குடும்பம் வேறு." தம்பிராஜா அட்டையின் முதல் வரியைத் தொட்டார். "நான் காலைப் பார்ப்பதில்லை அபாங். அட்டையைத்தான் பார்க்கிறேன். முதல் வரியில் முட்டி. கீழே, எலும்பு முறிவு. முட்டியில் முறிகிற எலும்பு சில்லுதானே என்று போட்டுவிட்டேன்."

உள்ளே புரட்டினார். வெள்ளைக்கார டாக்டரின் கோழிக்கிறுக்கலில் விரலை ஓட்டினார். ஓரிடத்தில் விரல் நின்றது.

"இங்கே எழுதியிருக்கிறார். தொடை எலும்பின் கீழ் முனை." விரலை எடுத்துக்கொண்டார். "ஒவ்வொரு அட்டையையும் உள்ளே புரட்டினால் ராத்திரிக்கும் வீட்டுக்குப் போக முடியாது. ஆனால் இதைப் புரட்டியிருக்கலாம்."

"இப்போது மாற்றிவிடலாமா?"

"புது டாக்டரிடம் கொண்டுபோனால் அவர் கையெழுத்துப் போடுவார். மாற்றிவிடலாம்." தம்பிராஜா பேனாவை மூடி வைத்தார். "அபாங், ஒன்று கேட்கிறேன். முட்டிச்சில்லு என்றால் கம்பெனி வேலைக்கு வரச் சொல்லும். தொடை எலும்பு என்றால் புது வருஷம் தாண்டியும் வேலை செய்யக்கூடாது என்று ஆகும். அவ்வளவு நாள் உங்கள் கம்பெனி இடத்தை வைத்திருக்குமா?"

பொன்னுதுரை அதுவரை அந்தப் பக்கம் நினைக்கவில்லை.

"வீட்டில் பேசிவிட்டு வாருங்கள். நீங்கள் வந்து கேட்டால் நான் டாக்டரிடம் கொண்டுபோவேன். வராவிட்டால் இந்த அட்டையை இனி யாரும் திறக்கப்போவதில்லை."

சாயங்காலம் அடுப்பில் கங்கோங் கீரை வதங்கிக்கொண்டிருந்தது. பிளாச்சான் இறால் விழுதின் வாடை கித்தா வாடையை அமுக்கிவிட்ட நேரம். சந்திரமதி கிடங்கிலிருந்து ஒரு முக்காலியைச் சேலைக்குள் மறைத்துக் கொண்டுவந்து நடுவீட்டில் போட்டாள்.

"உக்காரு அக்கா. பாத்துருவோம்."

அஞ்சலை தாங்குகட்டையைப் பிடித்து மெள்ள இறங்கினாள். வலது கால் மடங்கவில்லை. தூண்மாதிரி நேரே நீட்டிக்கொண்டது. பாதி வழியில் நின்று, மூச்சைப் பிடித்து, பொத்தென்று உட்கார்ந்தாள். உதட்டுக்கு மேல் வியர்த்துவிட்டது.

"உக்காந்தாச்சு," என்றாள் சந்திரமதி. "அவ்வளவுதான். காலையில நாங்க ரெண்டு பேரு தூக்கி வைக்கிறோம், சாயங்காலம் தூக்கி எடுக்கிறோம். ஷீட்டு நான் எடுத்தாந்து போடுறேன்."

"நடுவுல ஒண்ணுக்கு வந்தா?"

"அடக்கு."

"வேலை வாங்குற மண்டோர் பாத்தா?"

"அவன் பாக்கிறது கோகிலாவை. உன்னை எங்க பாக்கப் போறான்?"

அஞ்சலை சிரித்தாள். சிரிப்பு காலில் இழுத்தது, நிறுத்திக்கொண்டாள். பொன்னுதுரை அவளைத் தூக்கிக் கட்டிலில் உட்காரவைத்தான். சந்திரமதி முக்காலியை எடுத்துக்கொண்டு போனாள். போனதும் பலகைக்கு அந்தப் பக்கம் சத்தமே இல்லை. கேட்டுக்கொண்டிருக்கிறாள் என்று அர்த்தம்.

"என்னா சொல்ற?" என்றான் பொன்னுதுரை. "கொஞ்ச நாளு ஓட்டிட்டா, அதுக்குள்ள காலும் சரியாயிரும். கேக்காமலே விட்ருவமா?"

"இன்னொரு தடவ விழுந்தேன்னா?"

"ஏன் விழப்போற?"

"விழாம? ஒரு காலு கட்டை. தரையெல்லாம் பவுடரு. ஒட்டிக்கிட்டு வர்ற எடத்திலயே திரும்ப ஒடஞ்சா, உனக்கு முன்னால ஒடஞ்சது முட்டிதானேன்னு தாளத் தூக்கிக் காட்டுவான். அப்ப அறையும் போகும், காலும் போகும்."

"தொடைன்னு எழுதினா இப்பவே அறை போகும் புள்ள."

"போகும்."

"போனா எங்க இருக்கிறது?"

"தெரியல."

"தெரியலன்னா?"

"தெரியலன்னா தெரியலதான். தெரிஞ்சு வச்சிக்கிட்டா மறைக்கிறேன்?" அவள் காலை இரண்டு கையாலும் தூக்கிக் கட்டிலில் வைத்துக்கொண்டாள். "அந்தப் பேலு எங்க விழுந்துச்சுன்னு எனக்குத் தெரியும். ராவுல திரும்பிப் படுக்கிறப்ப எங்க குத்துதுன்னு எனக்குத் தெரியும். அங்கதான்னு எழுதச் சொல்லுங்க. பெறகு நடக்கிறது நடக்கட்டும். என்னால ரெண்டு எடத்தில ஒடஞ்சவளா இருக்க முடியாது."

கீரை அடிப்பிடிக்கும் வாடை வந்தது. பொன்னுதுரை எழுந்து சட்டியை இறக்கினான்.

அவன் மறுபடி ஆஸ்பத்திரிக்குக் கிளம்பியபோது, தெருமுனையில் கலியாணசுந்தரம் நின்றிருந்தான். கல்யாணங்களுக்குப் போடுகிற சட்டை. எண்ணெய் வைத்துச் சீவிய தலை. அரை நாள் லீவு போட்டிருந்தான்.

"நீ எதுக்குண்ணே?"

"சொன்னது நானு. நீ போயி மாத்துனா, புருசங்காரன் மாத்திச் சொல்றான்னு நெனச்சுக்குவாங்க."

அட்டை அறையில் தம்பிராஜா இருவரையும் உட்காரச் சொன்னார். கலியாணசுந்தரம் உட்காரவில்லை. மேசைக்கு முன்னால் நின்று, சுவரில் மாட்டியிருந்த காலண்டரைப் பார்த்துக்கொண்டு, சாட்சி சொல்கிற மாதிரி மலாயில் சொன்னான்:

"அன்றைக்கு நான் முட்டி என்று சொன்னேன். முட்டி இல்லை. பாஹா. முட்டிக்கு மேலே, பாஹா. பேலைத் தூக்கினது நான். பார்த்தேன்."

பாஹா என்றால் தொடை. சொல்லி முடித்ததும் காது வரைக்கும் கறுத்துச் சிவந்துவிட்டான். தம்பிராஜாவுக்கு ஒன்றும் புரியவில்லை.

"தெரியும் அபாங். உள்ளேயே எழுதியிருக்கிறதே. உங்களைக் கேட்கவேண்டிய அவசியமே இல்லை."

"இருந்தாலும் எழுதிக்கொள்ளுங்கள்."

தம்பிராஜா அவன் முகத்தைப் பார்த்துவிட்டு, ஒரு துண்டுத் தாளில் என்னவோ எழுதிக்கொண்டார். அட்டையோடு வெளியே போனார். சுருட்டுப் பிடிக்கிற நேரத்துக்குள் திரும்பி வந்துவிட்டார். புது டாக்டர் சின்ன வயதுக்காரராம். படத்தைப் பார்த்தார், உள்தாளைப் பார்த்தார், முதல் வரியை அடித்துப் பக்கத்தில் கையெழுத்துப் போட்டார். அவ்வளவுதான். புதுத் தாளில் எட்டு ரெண்டு ஒன்று என்று இருந்தது. படிக்கட்டில் இறங்கும்போது கலியாணசுந்தரம் கேட்டான்:

"இவ்வளவுதானாடா?"

"இவ்வளவுதாண்ணே."

கம்பெனியில் அவ்வளவோடு முடியவில்லை. கருணாகரன் தாளை வாங்கித் துரை அறைக்குள் போனார். திரும்பி வந்தபோது தாளைக் கையில் பிடித்திருந்த விதத்திலேயே சேதி தெரிந்தது.

"தொடை எலும்புன்னா நாங்க வேலைக்குக் கூப்பிட முடியாது. கூப்பிட்டா எங்க மேல தப்பு வரும். காலு நல்லாயி வந்தா எடம் பாக்கலாம்கிறாரு துரை. அறை மட்டும்..." அவர் கேட்டுப் பக்கம் பார்த்தார். "அறைக்கு ஒரு கை வேணும்."

"கைதானே வேணும்?"

"ஆமா."

"என் கை இருக்கே."

"எந்திரத்துப் பக்கம் ஆளு நெறஞ்சுபோச்சு பொன்னுதுரை. உங்க அண்ணனைக் கேளு. பேல் கட்ட ஒரு ஆளும் வேணாம்."

"எந்த எடம் காலியா இருக்கு?"

கருணாகரன் தாளை மடித்தார். "உன் சம்சாரம் எடம்தான். கத்திரி போடுற எடம்."

அந்தக் கிடங்கு வந்த நாளிலிருந்து ஆம்பிளை யாரும் அந்த முக்காலியில் உட்கார்ந்ததில்லை. கை ஒடிந்து எந்திரத்துக்கு லாயக்கில்லாமல் போன ஒருவனைக் கேட்டபோது, பிச்சை எடுத்தாலும் எடுப்பேன், பொம்பளை வரிசையில் உட்காரமாட்டேன் என்று சொல்லிவிட்டுப் போனதாகச் சொல்வார்கள். பொன்னுதுரை கதவுப் பக்கம் திரும்பி நின்றான். ஆற்றுக்காரன், தோளில் மூட்டைத் தழும்பு காய்த்துப்போனவன். போய்விடுவான் என்றுதான் கருணாகரன் நினைத்தார்.

"என்னிக்கு வரணும்?" என்றான்.

அவன் வந்த காலை பெண்கள் வரிசையில் கத்திரிச் சத்தமே நின்றுவிட்டது. பிறகு எல்லாரும் சேர்ந்து பிடித்துக்கொண்டார்கள்.

"என்னண்ணே, பூ வச்சிக்காம வந்துட்டீங்க?"

"சந்திரமதி, புதுப் பொண்ணுக்குத் தலை மொட்டையா இருக்கு, உன் கொண்டையில பாதி குடு."

"முட்டியை மூடி உக்காருங்கண்ணே, மண்டோர் பாக்கிறான்."

பொன்னுதுரை முக்காலியில் உட்கார்ந்தான். அவன் உடம்புக்கு அது காணாது; முட்டி இரண்டும் காதுப் பக்கம் வந்து நின்றன. ஷீட்டை எடுத்து வெளிச்சத்துக்குத் தூக்கினான். பூஞ்சை எது, புகைக் கறை எது என்று தெரியவில்லை. நல்ல இடத்தை வெட்டி எறிந்தான். சந்திரமதி பொறுக்கிக் காட்டினாள்.

"இது துரையோட சோறு அண்ணே. இதையா வெட்டுறது? இங்க பாருங்க, இந்தப் பச்சை. இதுதான் கழிவு."

"யாரு எடத்தில உக்காந்திருக்கோம்னு தெரியுதா மாமாவுக்கு?" என்று கடைசியில் இருந்து ஒருத்தி கேட்டாள்.

"என் பொஞ்சாதி எடம்," என்றான் பொன்னுதுரை. "அவ வர்ற வரைக்கும் சூடு ஆறாம பாத்துக்கிறேன்."

அதற்கும் சிரித்தார்கள், ஆனால் அது வேறு சிரிப்பு. கொஞ்ச நேரத்தில் அவன் பக்கத்தில் ஒரு கட்டு ஷீட் வந்து விழுந்தது. நிமிர்ந்து பார்த்தான். எந்திரத்துப் பக்கமிருந்து ஆண்கள் யாரும் பெண்கள் வரிசைக்கு ஷீட் எடுத்து வந்து போடுவதில்லை. கலியாணசுந்தரம் போட்டுவிட்டுத் திரும்பிப் போய்க்கொண்டிருந்தான்.

சாயங்காலம் லயத்துக்கு வந்தபோது பொன்னுதுரையின் வலது கை கத்திரியைப் பிடித்தபடியே வளைந்து நின்றது. கட்டைவிரலின் உள்பக்கம் தோல் உரிந்து சதை தெரிந்தது. மூட்டை தூக்கிய கைதான்; ஆனால் மூட்டைக்குக் காய்த்த இடம் வேறு, கத்திரிக்குக் காய்க்கவேண்டிய இடம் வேறு. குழாயில் கழுவினான். எரிந்தது.

அஞ்சலை மரப்பெட்டியில் உட்கார்ந்து, காலை நீட்டி, அடுப்பெரித்து அரிசி போட்டிருந்தாள். உட்கார்ந்தபடி அவ்வளவு முடியும். வடிக்கிற வேளைக்குச் சந்திரமதி வருவாள். அன்றைக்கு அவள் சினிமாவுக்குப் போய்விட்டாள். பானை பொங்கி மூடியைத் தள்ளியது. நுரை வழிந்து அடுப்பில் சீறியது.

"எறக்குங்க. கொழையுது."

பொன்னுதுரை துணியைப் போட்டுப் பானையைப் பிடிக்கப் போனான். விரல் மூடவில்லை. இன்னொரு தடவை முயன்றான். பானை ஒரு பக்கம் சாய்ந்து திரும்ப நின்றது.

"என்னாச்சு?"

"கை பிடிக்க மாட்டேங்குது."

அவள் எழுந்திருக்கப் பார்த்தாள். தாங்குகட்டை எட்டாத இடத்தில் கிடந்தது. இரண்டு பேரும் பொங்குகிற பானையைப் பார்த்தார்கள். பிறகு ஒருவரையொருவர் பார்த்தார்கள். முதலில் சிரித்தது அஞ்சலை.

"நல்லா வாச்சிது குடும்பம். இந்தாங்க, பக்கத்தில கொண்டாங்க. விரலால வேணாம், ரெண்டு உள்ளங்கையால அணைச்சுத் தூக்குங்க. கொழந்தையத் தூக்குற மாதிரி."

துணியை மடித்து, இரண்டு உள்ளங்கையாலும் அணைத்து, பானையை அவள் பக்கம் கொண்டுவந்து வைத்தான். அவள் பெட்டியிலிருந்து தரைக்கு வழுக்கி இறங்கி, ஒடிந்த காலைப் பானைக்கு ஒரு பக்கமாக நீட்டிக்கொண்டு, மூடியை இரண்டு கையாலும் அமுக்கிப் பிடித்தாள்.

"இப்ப சாயுங்க. மெள்ள. மெள்ளங்கிறேன்ல."

கஞ்சி மங்கில் விழுந்தது. ஆவி இரண்டு பேர் முகத்திலும் அடித்தது. ஒரு பிடி சோறு மூடியை மீறிக் கஞ்சியோடு போயிற்று.

"போச்சு," என்றான்.

"போகட்டும். விடாதீங்க. இன்னும் தண்ணி இருக்கு."

விடவில்லை. கஞ்சி சொட்டுச் சொட்டாக நிற்கிறவரை அவன் சாய்த்தபடி குந்தியிருந்தான், அவள் மூடியை அமுக்கியபடி இருந்தாள்.